பிச்சாவரம்: தண்ணி உள்ளே வரணும், வெளியே போகணும்

(எபிசோடின் எழுத்து வடிவம். பேச்சில் இருந்த தடுமாற்றங்களைச் சரிசெய்து, சில இடங்களைச் சுருக்கியிருக்கிறோம்.)

இன்னைக்கு ஒரு கழியைப் பத்திப் பேசலாம். கழின்னா என்ன? பள்ளிக்கூடத்துல நெய்தல் திணை படிச்சோம் இல்லையா, கடலும் கடல் சார்ந்த இடமும்னு? அந்த நெய்தல்ல அடிக்கடி வர்ற இடம்தான் கழி. கடல் தண்ணி நிலத்துக்குள்ள புகுந்து, ஆத்துத் தண்ணியோட கலந்து, பள்ளம் பார்த்து வளைஞ்சு கிடக்கிற இடம். உப்பங்கழின்னு சொன்னா உடனே புரியும்.

கடலூர்ல இருந்து சிதம்பரம் கிட்டத்தட்ட 45 கிலோமீட்டர். இந்த ரோட்டுல பஸ்ல போறப்போ இடது பக்கம், அதாவது கிழக்குப் பக்கம், கண்ணுக்குத் தெரியாம இந்தக் கழிகள்தான் கூடவே வரும். கடலூர் ஓ.டி. தாண்டினதும் சிப்காட் ரசாயனத் தொழிற்பேட்டை. அதுக்குப் பின்னாடி ஓடுறது உப்பனாறு. பேரே சொல்லுது, உப்பு ஆறு. அது கடலுக்கு இணையா வடக்குப் பக்கமா ஓடி, கடலூர் துறைமுகம் பக்கத்துல கடல்ல சேரும். இன்னும் தெற்கே போனா சிதம்பரத்துக்குக் கிழக்கே இன்னொரு உப்பனாறு. சீர்காழிப் பக்கம் போனா அங்கேயும் ஒரு உப்பனாறு. ஒரே வேரியபிள் பேரை மூணு இடத்துல வெச்ச மாதிரி. கடல் தண்ணி ஏறி இறங்குற ஓடைக்கெல்லாம் ஊர்க்காரங்க வெச்ச பேர் அது, அவ்வளவுதான்.

இதுல நான் எடுத்துக்கிட்டது நடுவில் இருக்கிற பிச்சாவரம். சிதம்பரத்தில் இருந்து சுமார் 15 கிலோமீட்டர். வடக்கே பரங்கிப்பேட்டையில் வெள்ளாறு கடலில் கலக்குது. தெற்கே கொள்ளிடம் கலக்குது. இந்த ரெண்டு முகத்துவாரத்துக்கும் நடுவில், கடலுக்கும் வயலுக்கும் இடையில், பின்னிப் பிணைஞ்ச வாய்க்கால்கள். அந்த வாய்க்கால்களுக்கு நடுவில் சின்னச் சின்னத் திட்டுகள். 50-க்கும் மேல இருக்குன்னு கணக்கு. திட்டு முழுக்க சுரபுன்னையும் கண்டலும். 2022-ல் இதை ராம்சார் பட்டியல்ல சேர்த்தாங்க, அதாவது சர்வதேச அளவில் முக்கியமான ஈரநிலம்.

நம்மில் பெரும்பாலானவர்களுக்கு பிச்சாவரம்னா படகு சவாரி. துடுப்புப் படகுல போனா குறுகலான ஓடைக்குள்ள, மரம் ரெண்டு பக்கமும் கூரை மாதிரி கவிஞ்சு நிக்கும். நாலு ரீல்ஸ் எடுக்கலாம். வீட்ல பெரியவங்க இருந்தா 1975-ல் வந்த 'இதயக்கனி' இங்கேதான் எடுத்தாங்கன்னு கட்டாயம் சொல்வாங்க. அதெல்லாம் சரி. ஆனா நான் ரெண்டு தடவை போய், அங்க இருக்கிறவங்ககிட்டப் பேசி, கிடைச்ச ஆராய்ச்சிக் கட்டுரைகளைப் படிச்சதுக்கப்புறம் எனக்கு அது காடாத் தெரியல. ஒரு பெரிய பிளம்பிங் சிஸ்டமாத்தான் தெரியுது. தண்ணி உள்ளே வரணும், வெளியே போகணும். அது நடந்தா மரம் இருக்கும், இறால் இருக்கும், அதைப் பிடிக்கிறவங்க வீட்ல அடுப்பு எரியும். அது நின்னா எல்லாம் நிக்கும்.

முதல்ல இறால் கதை. இது தெரியாம கழியில் மீன்பிடிக்கிறது புரியாது. வெள்ளை இறால் முட்டை போடுறது கடல்ல. ஒரு தாய் இறால் லட்சக்கணக்கில் முட்டை விடும். முட்டை பொரிஞ்சு வர்ற குஞ்சு நாம நினைக்கிற இறால் மாதிரியே இருக்காது. பல தடவை உருமாறி, ரெண்டு மூணு வாரத்துல, கண்ணாடித் துண்டு மாதிரி ஒரு சின்ன இறால் ஆகும். அது நீந்திக் கரைக்கு வர்ற அளவுக்குப் பெருசு இல்ல. ஏற்றத்துல உள்ளே வர்ற தண்ணியோட கழிக்குள்ள வந்துடும். உள்ளே வேர்களுக்கு நடுவில் பெரிய மீன் நுழைய முடியாது. மரத்துல இருந்து விழுற இலை அழுகி, அதுல நுண்ணுயிர் வளர்ந்து, சாப்பாடு எப்பவும் தயார். சில மாசம் அங்கேயே வளரும். பெருசானதும் திரும்ப முகத்துவாரம் வழியா கடலுக்குப் போகும். அங்கதான் முட்டை போடணும்.

அதாவது கழி அதுக்கு ஹாஸ்டல். வீடு கடல். ஹாஸ்டலுக்கும் வீட்டுக்கும் ஒரே கதவு, முகத்துவாரம். சேத்து நண்டும் கிட்டத்தட்ட இதே கதைதான். கழியிலேயே வளர்ந்து, முட்டை சுமந்த பெண் நண்டு கடலுக்குக் கிளம்பிடும். மடவை, கொடுவா மாதிரி மீன்களுக்கும் இந்தப் போக்குவரத்து உண்டு.

இந்தக் கதவோட பிரச்னை, அது மணல்ல செஞ்ச கதவு. நம்ம கிழக்குக் கடற்கரையில வருஷக் கணக்குல பார்த்தா அலை மணலை வடக்குப் பக்கமா நகர்த்திக்கிட்டே இருக்கும். சின்னவாய்க்கால்னு ஒரு இடம், பிச்சாவரம் கழி கடலைத் தொடுற வாய். ஐப்பசி, கார்த்திகையில மழை வந்து, ஆறும் வடிகாலும் வெள்ளத்தைக் கொண்டுவந்தா, உள்ளே இருந்து தள்ளுற வேகத்துல வாய் அகலமாத் திறந்துக்கும். கோடையில உள்ளே இருந்து தள்ள ஆள் இல்ல. மணல் சேர்ந்து வாய் குறுகும். உள்ளே தண்ணி நிக்க ஆரம்பிக்கும், வெயில்ல வத்தும், உப்பு ஏறும். முகத்துவாரத்தைத் தூர்வாரணும்னு மீனவர்கள் கேட்கிறதைச் செய்தியில பார்த்திருப்பீங்க. ஏதோ படகு போகிறதுக்காகக் கேட்கிறாங்கன்னு நினைப்போம். படகுக்காகவும்தான். ஆனா கதவு சாத்தினா உள்ளே வர்ற குஞ்சும் இல்ல, வெளியே போற தாயும் இல்ல.

அப்போ உள்ளே இருந்து தள்ளுற நல்ல தண்ணி எங்கிருந்து வருது? இங்கதான் சென்னையில் கேட்டுக்கிட்டிருக்கிற உங்களுக்கு ஒரு சம்பந்தம் இருக்கு. காவிரியில இருந்து முக்கொம்புல கொள்ளிடம் பிரியுது. கீழே அணைக்கரையில கீழணை. அங்கிருந்து வடவாறு வழியா வீராணம் ஏரிக்குத் தண்ணி போகுது. வீராணத்துல இருந்து 200 கிலோமீட்டருக்கு மேல குழாய் போட்டு, 2004-ல இருந்து சென்னைக்குக் குடிநீர் வருது. நாளைக்கு 180 மில்லியன் லிட்டர் கொள்ளளவு. நான் இருக்கிற ஃபிளாட்டோட சம்ப்பிலும் அதுல ஒரு பங்கு இருக்கும். 1934-ல் மேட்டூர் அணை வந்ததில் இருந்தே கொள்ளிடத்துல கடைசி வரைக்கும் வர்ற தண்ணி மாறிப்போச்சு. வயலுக்குப் பாய்ஞ்சு மிச்சம் வடியுற தண்ணி, கான்சாகிப் வாய்க்கால் வழியாவும் உப்பனாறு வழியாவும் பிச்சாவரத்துக்கு வருது. ஆத்துத் தண்ணி 'வீணா கடல்ல கலக்குது'ன்னு டிவியில சொல்றப்போ எனக்கு இப்போ கொஞ்சம் எரிச்சல் வருது. அது கடல்ல கலக்குற வழியில ஒரு வேலை பார்த்துட்டுத்தான் போகுது.

சரி, மீன்பிடிக்கிறவங்களுக்கு வருவோம். கழியில வலையும் உண்டு. வீச்சு வலை உண்டு, தண்ணி இறங்குறப்போ ஓடைக்குக் குறுக்கே கம்பு நட்டுக் கட்டுற வலை உண்டு. ஆனா நான் ரொம்ப நேரம் நின்னு பார்த்தது வலையே இல்லாத ஒரு வேலை. கையால பிடிக்கிறது.

பிச்சாவரம், கிள்ளை சுத்துவட்டாரத்துல இருளர் குடியிருப்புகள் இருக்கு. இருளர்னா நம்ம வயசுக்காரங்களுக்கு 'ஜெய் பீம்' ஞாபகம் வரும். பாம்புபிடிக்கிறவங்கன்னு ஞாபகம் வரும். கழியில இறால் பிடிக்கிற இருளர்னு ஒரு படம் நம்ம மண்டையில் இல்ல. தமிழ்நாட்டுல குறிப்பாகப் பாதிக்கப்படக்கூடிய பழங்குடிகள்னு அரசு வகைப்படுத்தின 6 சமூகங்கள்ல இவங்களும் ஒண்ணு.

அவங்க வேலை இப்படி. தண்ணி வத்துற நேரத்துக்கு ஆண், பெண் எல்லாரும் கூட்டமா ஓடையில இறங்குறாங்க. இடுப்பளவு, சில இடத்துல கழுத்தளவு. உட்கார்ந்த வாக்குல நகர்ந்துக்கிட்டே ரெண்டு கையாலயும் அடியில சேத்தைத் தடவுறாங்க. பகல்ல இறால் சேத்துக்குள்ள பதுங்கியிருக்கும். விரல்ல பட்டதும் அமுக்கிப் பிடிச்சு, பறிக்குள்ள போடணும். பறின்னா ஓலையில முடைஞ்ச சின்னக் கூடை. அதோட கயித்தைப் பல்லுல கடிச்சுப் பிடிச்சுக்கிறாங்க. ஏன்னா ரெண்டு கையும் தண்ணிக்குள்ள வேணும். மணிக்கணக்குல இப்படித்தான். பேசக்கூட முடியாது.

"கெளுத்தி முள்ளு குத்தாதா அக்கா?"ன்னு கரையேறின ஒருத்தர்கிட்ட கேட்டேன். கையைத் திருப்பிக் காட்டினாங்க. "குத்தும் தம்பி. குத்தினா எடுத்துப்போட்டுட்டு அடுத்ததத் தடவணும்." கீ-போர்டுல தட்டி மணிக்கட்டு வலிக்குதுன்னு எர்கோனாமிக் மவுஸ் வாங்கினவன் நான். அதுக்கு மேல ஒண்ணும் கேட்கல.

வேலை நேரம் கடிகாரத்துல இல்ல. ஏற்றத்துக்கும் அடுத்த ஏற்றத்துக்கும் சுமார் 12 மணி 25 நிமிஷம். அதனால ஒவ்வொரு நாளும் நேரம் ஏறத்தாழ 50 நிமிஷம் தள்ளிப்போகும். இன்னைக்கு காலை 6 மணிக்கு இறங்கினா, ஒரு வாரம் கழிச்சு உச்சி வெயில். கூகுள் கேலண்டர்ல 'ரிப்பீட்' போட்டு வைக்க முடியாத வேலை. அமாவாசை, பௌர்ணமியை ஒட்டி ஏற்றமும் வற்றலும் அதிகம். அஷ்டமி, நவமி பக்கம் நீரோட்டம் மந்தம். நம்ம பாட்டி அஷ்டமி நவமியில எதையும் தொடங்காதேன்னு சொன்னதுக்கு இதுதான் காரணம்னு நான் சொல்ல வரல. வாட்ஸ்அப்ல யாராவது அப்படிப் போட்டா அதுக்கு நான் பொறுப்பு இல்ல. ஆனா கழியில வேலை செய்யுறவங்களுக்குத் திதி ஒரு ஷிஃப்ட் அட்டவணை. அது மட்டும் நிஜம்.

சுனாமிக்குப் பிறகு தொண்டு நிறுவனங்கள் வழியா சில குடும்பங்களுக்குப் படகும் வலையும் வந்தது. ஆனாலும் கையால தடவுறது நிக்கல. வலை கிழியும், படகுக்குச் செலவு இருக்கு. கைக்கு முதலீடு வேண்டாம்.

இப்போ எனக்கு இந்த இடத்துல ரொம்பப் பிடிச்ச பகுதி. ஒரு ரூட் காஸ் அனாலிசிஸ்.

80கள்ல, 90கள்ல பிச்சாவரக் காட்டோட உள்பக்கம் நிறைய இடம் மொட்டையாக் கிடந்தது. வாய்க்கால் ஓரமா மட்டும் பச்சையா ஒரு விளிம்பு. உள்ளே வெறும் உப்பு பூத்த களி. யார் மேல பழி? ஊர்க்காரங்க மேல. மாடு மேய்க்கிறாங்க, விறகு வெட்டுறாங்க, அதனால காடு அழிஞ்சுபோச்சு. காடு அழியுற எந்தக் கதையிலும் முதல் டிக்கெட் ஏழை பேர்லதான் திறக்கும்.

எம்.எஸ். சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனத்தைச் சேர்ந்தவங்க 90கள்ல இதை ஆராய்ஞ்சப்போ கதை வேறயா வந்தது. வெள்ளைக்காரன் காலத்துல இருந்து 1970கள் வரைக்கும் இங்க கூப்பு முறையில மரம் வெட்டியிருக்காங்க. கூப்புன்னா காட்டைப் பாத்தி பாத்தியாப் பிரிச்சு, ஒரு பாத்தியை மொத்தமா வெட்டி வித்துட்டு, அது திரும்ப வளர்றதுக்குள்ள அடுத்த பாத்திக்குப் போறது. சாதாரணக் காட்டுக்கு இது ஓரளவு ஓடும். இங்க என்ன ஆச்சுன்னா, மரம் போனதும் நிழல் போச்சு. சதுப்பு வெயில்ல காய்ஞ்சு, சுருங்கி, கீழே இறங்கிடுச்சு. தட்டையா இருந்த இடம் தட்டு மாதிரி குழியாயிடுச்சு. பெரிய ஏற்றத்துல கடல் தண்ணி உள்ளே வரும். வெளியே போக முடியாது. அங்கேயே நின்னு ஆவியாகும். உப்பு மட்டும் தங்கும். அடுத்த ஏற்றம், இன்னும் கொஞ்சம் உப்பு. மெமரி லீக்னா என்னன்னு புரியாத ஃப்ரெஷருக்கு நான் இனிமே இதைத்தான் சொல்லுவேன். கடைசியில உப்புக்குப் பழகின அலையாத்தி விதையே முளைக்க முடியாத அளவுக்கு உப்பு. மாடு காரணமா இருந்தா வேலி போட்டா சரியாயிருக்கும். இது வேலிக்கு மசியுற வியாதி இல்ல.

அப்புறம் செஞ்ச வைத்தியம் ரொம்ப எளிமை. மீன் முள் மாதிரி வாய்க்கால். நடுவில் முதுகெலும்பு மாதிரி ஒரு பெரிய வாய்க்கால், அதுல இருந்து ரெண்டு பக்கமும் சாய்வாகக் கிளை வாய்க்கால்கள். ஏற்றத்துல தண்ணி உள்ளே வரும், வற்றலில் வெளியே வந்துடும், வரும்போது உப்பைக் கழுவிக்கிட்டு வரும். கரைச் சரிவுல கண்டல் நட்டாங்க. பிடிச்சுக்கிச்சு. வனத்துறை, ஆராய்ச்சி நிறுவனம், கிராமக் குழு மூணும் சேர்ந்து செஞ்ச வேலை. வாய்க்கால் தூர்ந்துபோனா எடுத்துவிடுறது உட்படப் பராமரிப்பும் கிராமத்தோட பங்கு. இந்த முறை அப்புறம் முத்துப்பேட்டை, ஆந்திரா, ஒடிசான்னு மத்த இடங்களுக்கும் போச்சு. இன்னைக்கு நாம படகுல போறப்போ பச்சைன்னு பார்க்கிறதுல ஒரு பகுதி மண்வெட்டியால வந்த பச்சை.

பச்சைன்னதும் தில்லை மரத்தைச் சொல்லணும். சிதம்பரத்துக்குப் பழைய பேர் தில்லை, கோயிலோட தலமரம் தில்லை. ஊருக்குள்ள தேடாதீங்க, பிச்சாவரத்துல பாருங்க. தொடவும் தொடாதீங்க. அதோட பால் கண்ணுல பட்டா பார்வைக்கே ஆபத்து.

சுனாமியைப் பேசாம இந்த இடத்தைப் பேச முடியாது. 2004 டிசம்பர் 26. கடலுக்கும் கழிக்கும் நடுவுல மணல் திட்டு மேல இருந்த குடியிருப்புகள், சின்னவாய்க்கால், எம்.ஜி.ஆர். திட்டு, பில்லுமேடு, பலமா அடி வாங்கின. அங்க இருந்தவங்களைப் பிறகு உள்பக்கம் குடியமர்த்தினாங்க. காட்டுக்குப் பின்னாடி இருந்த ஊர்களுக்குச் சேதம் குறைவு. அலையாத்திக் காடு உயிரைக் காப்பாத்துச்சுன்னு அப்போ உலகம் முழுக்கப் பேசினாங்க. பரங்கிப்பேட்டையில அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தோட கடல் உயிரியல் மையம் இருக்கு. அங்க இருந்த கதிரேசனும் ராஜேந்திரனும் இந்தக் கரையோரத்துல 18 குடியிருப்புகளை ஆராய்ஞ்சு 2005-ல் கட்டுரை போட்டாங்க. கடல்ல இருந்து தூரம், தரையோட உயரம், நடுவுல இருக்கிற மரங்கள், மூணும் இறப்பைக் குறைச்சதுன்னு முடிவு. அடுத்த வருஷமே வேற ஆராய்ச்சியாளர்கள் அதே டேட்டாவை எடுத்துத் திரும்பக் கணக்குப் போட்டு, பெரும்பகுதி தூரமும் உயரமும்தான், மரத்தோட தனிப் பங்கு ரொம்பக் கொஞ்சம்னு சொன்னாங்க.

எனக்கு இது நியாயமான சண்டையாத்தான் படுது. அலையாத்தி அலை நேரா அடிக்கிற திறந்த கடற்கரையில வளராது, ஒதுங்கின கழியிலதான் வளரும். அதனால அதுக்குப் பின்னாடி இருக்கிற ஊர் ஏற்கெனவே கடல்ல இருந்து தள்ளித்தான் இருக்கும். எது காரணம், எது கூட வந்ததுன்னு பிரிக்கிறது கஷ்டம். காட்டைக் காப்பாத்த ஒரு காரணம் கிடைச்சா பிடிச்சுக்கலாம்னு தோணும். ஆனா 'மரம் இருக்கு, பயப்படாதே'ன்னு கடலோரத்துல ஒரு குடும்பத்தை வீடு கட்டச் சொன்னா, அடுத்த அலைக்கு யார் பதில் சொல்றது? காட்டுக்கு இறால் போதும், நண்டு போதும், காரணமா.

இறால்னதும் கடைசியா ஒண்ணு. நம்ம ஆப்ல ஆர்டர் பண்ற இறால் பிரியாணியில பெரும்பாலும் இருக்கிறது வனாமி. பசிபிக் கடலோட இறால், 2009-ல் இருந்து இந்தியாவுல குளத்துல வளர்க்க அனுமதி. அதுக்கு முன்னாடி 90கள்ல கருப்பு இறால் பண்ணை அலை அடிச்சது. கடலோர நிலமும் தண்ணியும் உப்பாகுதுன்னு சர்வோதயத் தலைவர் ஜெகந்நாதன் உச்ச நீதிமன்றம் போனார். 1996 டிசம்பர்ல தீர்ப்பு, கடலோர ஒழுங்குமுறை மண்டலத்துக்குள்ள அந்த மாதிரிப் பண்ணைகள் கூடாதுன்னு. பிறகு 2005-ல் தனிச் சட்டம் வந்து, பதிவும் அனுமதியும்னு வழி மாறிச்சு. கழியோரத்துல குளம் வெட்டி, கழித் தண்ணியை இழுத்து, கழிவைத் திரும்பக் கழியிலேயே விட்டா, அதைத் தடவிப் பிடிக்கிறவங்க கையிலதான் அது முதல்ல படும். பறியைப் பல்லுல கடிச்சுக்கிட்டு வாயளவு தண்ணியில நிக்கிறவங்களுக்கு வாட்டர் குவாலிட்டி ரிப்போர்ட் தனியாத் தேவையில்லை.

போறவங்களுக்கு ஒரு தகவல். வற்றல் நேரம் என்னன்னு படகுக்காரர்கிட்ட முன்னாடியே கேட்டுக்கோங்க. "அண்ணே, தண்ணி எப்போ இறங்கும்?"னு கேட்டா போதும். அந்த நேரத்துல போனா வேர் முழுசாத் தெரியும், களியில நண்டுப் பொந்து தெரியும், ஓடையில தலைகள் மட்டும் வரிசையா நகர்றது தெரியும். கேமராவை அப்போ கொஞ்சம் கீழே வைங்க. வேலை நேரம்.

அடுத்த எபிசோட் கீழணையில இருந்து. அணைக்கரை வரைக்கும் பைக்ல போறதாத் திட்டம், மழை விட்டா.